கறுப்பு நூல் கட்டிய ஜாடி

எங்கள் கட்டடத்தின் இரண்டாம் மாடியில் என் கதவுக்கு எதிர்க் கதவு எண்ணெய் அக்காவுடையது. கிராம்பு, மிளகு, கருகின திரி எல்லாம் கலந்த வாசனை படிக்கட்டு வரைக்கும் வரும். அக்கா சட்டைகளுக்குப் பொத்தான் தைக்கிறவள். மீதி நேரத்தில் எண்ணெய் செய்வாள். தலைக்குத் தேய்க்கிற எண்ணெய் இல்லை. நெற்றியிலோ உள்ளங்கையிலோ கதவு நிலையிலோ ஒரு சொட்டு வைக்கிற எண்ணெய்.

பயந்த பிள்ளைக்கு ஒன்று, வேலை கேட்டுப் போகிறவருக்கு ஒன்று, முகம் பார்க்காத புருஷன் பெண்டாட்டிக்கு ஒன்று. பாட்டில் மேல் எதுவும் எழுத மாட்டாள், கழுத்தில் நூல்தான் கட்டுவாள். பயத்துக்கு வெள்ளை, வேலைக்கு மஞ்சள், குடும்பத்துக்குச் சிவப்பு. கீழ்வீட்டுத் தையல்காரர் ஒருமுறை மஞ்சள் என்று நினைத்துச் சிவப்பை எடுத்துப் போய்விட்டார். பத்து நாள் கழித்துச் சண்டைக்கு வந்தார். "வேலை கிடைக்கலம்மா. கோவிச்சுட்டுப் போன பொண்டாட்டிதான் திரும்பி வந்துட்டா. இதுக்கு மாத்து இருக்கா?" என்றார். அக்கா ஊசியில் நூல் கோர்த்தபடியே, "அதுக்கு நீங்கதான் வேலைக்குப் போகணும்" என்றாள்.

அவள் செய்கிற முறை இது. எள்ளெண்ணெயில் சாமான்களைப் போட்டு, பழைய செருப்புப் பெட்டிக்குள் இருட்டில் இருபத்தொரு நாள் வைப்பாள். தினமும் காலையில் மூடியைத் திறந்து, வேண்டியதை வாய்விட்டுச் சொல்லி, அந்த மூச்சை உள்ளே விட்டு மூடுவாள். "மூச்சு போகலைன்னா அது கதவுக் கீலுக்குத்தான் ஆகும்" என்பாள். அதோடு, யாருக்காகச் செய்கிறாளோ அவர் உடம்போடு ஒட்டி இருந்த ஏதாவது ஒரு பொருள் அதில் ஊற வேண்டும். ஒரு முடி, வியர்வை பட்ட துணி, கழுத்துப் பொத்தான், எதுவானாலும் சரி. இல்லாவிட்டால் எண்ணெய்க்கு ஆள் தெரியாதாம்.

நான் காலையும் மாலையும் கடவுளைக் கும்பிடுகிறவள். இதெல்லாம் சரியா என்று ஒருநாள் கேட்டேன்.

"நீ கண்ணை மூடிக்கிட்டுக் கேக்குற. நான் பாட்டிலைத் திறந்து வெச்சுக் கேக்குறேன். ரெண்டையும் கேக்குறவன் ஒருத்தன்தானே" என்றாள்.

அக்காவுக்கு ஒரே தங்கை. தாய் தகப்பன் போன பிறகு அவளைத் தூக்கி வளர்த்தது அக்காதான். நாங்கள் மூன்று பேரும் ஒரே சட்டைத் தொழிற்சாலையில் இருந்தோம். அக்கா பொத்தானில், நான் மடிப்பு மேசையில், தங்கை சட்டையை அழுத்தி இஸ்திரி போடுகிற பெரிய மெஷினில். எங்கள் சூப்பர்வைசருக்கு விசில் என்று பெயர் வைத்திருந்தோம். கழுத்தில் எப்போதும் கறுத்துப்போன ஒரு கயிற்றில் விசில் தொங்கும். துணி சிக்கினால் மெஷினை நிறுத்துவார்கள். சிக்கு எடுத்ததும் அவர் வந்து பார்த்து விசில் ஊத வேண்டும். ஊதினால்தான் மூலையில் இருக்கிற ஆள் சுவிட்சைப் போடுவான்.

அன்று துணி சிக்கியது. மெஷின் நின்றது. தங்கை கையை உள்ளே விட்டுத் துணியை இழுத்துக்கொண்டிருந்தாள். அவர் போனில் யாரிடமோ பேசிக்கொண்டே வந்தார், அந்தப் பக்கம் திரும்பாமலே ஊதினார்.

அவளுடைய வலது கையில் இரண்டு விரல் போயிற்று.

விசாரணைக்குக் கம்பெனி ஆபீசிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். மெஷினை நிறுத்தவே இல்லை, அந்தப் பெண்ணே ஓடுகிற மெஷினில் கையை விட்டாள், தான் விசில் ஊதவே இல்லை என்று அவர் எழுதிக் கொடுத்தார். சுவிட்ச் போட்டவன் அதற்குள் வேறு ஊருக்குப் போய்விட்டான். அந்தக் கூடத்தில் முப்பது பெண்கள் இருந்தோம். ஒருத்தர் பின்னால் ஒருத்தராகக் கூப்பிட்டுக் கேட்டார்கள். விசில் சத்தம் என் காதுக்குள் இன்னும் இருந்தது. ஆனாலும், "மெஷின் சத்தத்துல எதுவும் கேக்கலைங்க" என்று நானும் சொன்னேன். கவனக்குறைவு என்று தங்கையின் பேரில் எழுதி மூடிவிட்டார்கள்.

அக்கா அடுத்த நாளே வேலையை விட்டாள். பொத்தான் வேலையை வீட்டுக்கே வாங்கிக்கொண்டாள். வாய் அகலமான ஒரு கண்ணாடி ஜாடி எடுத்தாள். அதில் ஆமணக்கெண்ணெய், இடித்த மிளகு, துருப்பிடித்த நாலு ஆணி, தங்கையின் கட்டுப் பஞ்சை எரித்த கரி. கழுத்தில் கறுப்பு நூல். அதுவரை அவளிடம் கறுப்பு நூல் நான் பார்த்ததில்லை.

தினமும் காலையில் நான் வேலைக்குக் கிளம்பும்போது எதிர்க் கதவு வழியாக அந்தக் குரல் கேட்கும். "பொய் சொன்ன வாய், பொய் சொன்ன இடத்துலயே திறக்கணும். அதுவரைக்கும் அந்தக் கை சோத்துக்கு உதவக் கூடாது." அதே வார்த்தைகள், ஒன்று கூடக் குறையாமல். பிறகு மூச்சு விடுகிற சத்தம். இருபத்தொரு நாளில் அவள் நிறுத்தவில்லை. எட்டு மாதம் சொன்னாள்.

ஆனால் ஜாடிக்கு ஆள் தெரியவில்லை. விசிலுடைய பொருள் ஒன்றும் அவள் கையில் இல்லை. ஒருநாள் என்னைக் கூப்பிட்டாள்.

"அவரோட கைக்குட்டை, ஒரு முடி, ஏதாவது ஒண்ணு எடுத்துட்டு வா."

"வேணாங்க்கா. எனக்குப் பாவம் சேரும்."

"பாவத்துக்குப் பயந்துதான் அன்னைக்கு உனக்குக் காது கேக்காமப் போச்சா?"

நான் கதவுப் பக்கம் திரும்பினேன். "உக்காரு, டீ போடுறேன்" என்றாள். அதுதான் எனக்கு அதிகமாகச் சுட்டது. தங்கை மூலையில் உட்கார்ந்து, மிச்சமிருந்த மூன்று விரலால் பொத்தான்களை அளவு வாரியாகப் பிரித்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்க்கவில்லை.

எட்டாம் மாதம் ஒரு பெண் தேடிக்கொண்டு வந்தாள். இரண்டு தெரு தள்ளி இருக்கிறவள், யாரோ சொல்லிக் கேள்விப்பட்டு வந்தாளாம். நானும் அப்போது அங்கேதான் இருந்தேன். கொஞ்சம் குண்டான, கலகலப்பான பெண்.

"என் வீட்டுக்காரர் தூக்கத்துல அலர்றாருங்க்கா. 'கையை எடு, கையை எடு'ன்னு. எழுப்பிக் கேட்டா ஒண்ணும் சொல்றதில்ல. எதையோ பார்த்துப் பயந்திருக்காரு."

"அவர் உடம்புல எப்பவும் பட்டுக்கிட்டு இருக்கிற பொருள் ஒண்ணு கொண்டு வாங்க. வெள்ளை நூல் எண்ணெய் தர்றேன்" என்றாள் அக்கா. ஊரில் எத்தனையோ பேர் தூக்கத்தில் அலறுகிறார்கள். எங்களில் யாருக்கும் ஒன்றும் தோன்றவில்லை.

மறுநாள் காலை, நான் வேலைக்குப் போகுமுன் அக்கா வீட்டில் இருந்தபோது, அந்தப் பெண் ஒரு துணிப் பொட்டலத்தோடு வந்தாள். "குளிக்கப் போனப்ப எடுத்துட்டு வந்துட்டேன். இதைவிட அவர்கிட்ட ஒட்டிக்கிட்டு இருக்கிறது ஒண்ணும் இல்ல. என்னைவிட இதோடதான் அவர் அதிகமாக் குடும்பம் நடத்துறாரு" என்று சிரித்துக்கொண்டே பிரித்தாள்.

கறுத்துப்போன கயிறு. அதன் நுனியில் விசில்.

தங்கையின் மடியிலிருந்த பொத்தான் தட்டு கவிழ்ந்தது. பொத்தான்கள் தரையெங்கும் உருண்டன. அந்தப் பெண் குனிந்து பொறுக்க ஆரம்பித்தாள். "பரவாயில்ல தங்கச்சி, நான் எடுக்குறேன். கையில என்ன அடியா?" என்று கேட்டாள்.

அக்கா கையை நீட்டினாள். விசிலைக் கயிற்றோடு எடுத்து உள்ளங்கையில் வைத்து எடை பார்க்கிற மாதிரிப் பார்த்தாள். பிறகு எழுந்துபோய்க் கறுப்பு நூல் ஜாடியைக் கொண்டுவந்து, மூடியைத் திறந்து, உள்ளே விட்டாள். விசில் குமிழி விட்டுக்கொண்டே இறங்கியது. கயிறும் பின்னாலேயே போயிற்று.

"மூணு நாள் ஊறணும். நாலாம் நாள் அவரையே கூட்டிட்டு வாங்க" என்றாள்.

"ஐயோ, எதுலயும் நம்பிக்கை இல்லாதவராச்சே."

"வருவாரு."

நான் வீட்டுக்கு வந்து கடவுள் முன்னால் நின்றேன். அந்த மனுஷனுக்கு ஒன்றும் ஆகக் கூடாது என்று கேட்கத்தான் நின்றேன். வார்த்தை வரவில்லை. மனசின் அடியில் ஏதோ குளிர்ந்தது. அதை இங்கே மறைக்க எனக்கு இஷ்டமில்லை.

மூன்று நாளும் தொழிற்சாலையில் அவர் கழுத்து வெறுமையாக இருந்தது. அடிக்கடி நெஞ்சைத் தடவிப் பார்த்துக்கொள்வார். மெஷினைப் போடச் சொல்ல இரண்டு கையையும் தட்டினார். "குழந்தைக்கு விளையாட்டுக் காட்டுறாரு பாரு" என்று பொத்தான் மேசையில் ஒருத்தி சொல்ல, மற்றவர்கள் துணியில் முகத்தை மறைத்துச் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அது எங்கே ஊறுகிறது என்று எனக்குத் தெரியும்.

நாலாம் நாள் விடுமுறை. காலை பத்து மணி இருக்கும். படியில் அவருடைய கனத்த காலடி, பின்னால் அவர் பெண்டாட்டியின் செருப்புச் சத்தம். நான் கதவைத் திறந்துகொண்டு வாசலிலேயே நின்றேன்.

"எவடி அவ, என் விசிலை எண்ணெயில போட்டவ?" என்று கேட்டுக்கொண்டே உள்ளே நுழைந்தவர், தங்கையைப் பார்த்ததும் நின்றுவிட்டார். அக்காவையும் பார்த்தார்.

அக்கா ஜாடியை மேசை நடுவில் வைத்து மூடியைத் திறந்தாள்.

"வாங்க. உங்க பொருள் உள்ளதான் இருக்கு. கையை விட்டு எடுத்துக்கோங்க."

அவர் அசையவில்லை. கரி கலந்த எண்ணெயில் அடி தெரியவில்லை.

"நீயே எடுத்துக் குடு."

"நான் தொடக் கூடாது."

"எண்ணெய்தானே, கையை விடுங்களேன். இதுக்குப் போய்..." என்று பெண்டாட்டி சொன்னாள். அவர் அப்போதும் நின்றார். அவள் பொறுமை இழந்து, "நகருங்க, நான் எடுக்குறேன்" என்று தன் கையைக் கொண்டுபோனாள்.

அக்கா அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"உங்க கை வேணாம்மா. நீங்க நல்லா இருக்கணும். இது அவர் கைக்குன்னு செஞ்சது."

அப்போதுதான் அந்தப் பெண்ணின் சிரிப்பு போயிற்று. அக்காவைப் பார்த்தாள், புருஷனைப் பார்த்தாள், கடைசியில் தங்கையின் கையைப் பார்த்தாள். ரொம்ப நேரம் பார்த்தாள்.

"கையை எடு, கையை எடுன்னு கத்துவீங்களே" என்று மெதுவாகக் கேட்டாள். "இந்தக் கையா?"

தங்கைதான் பேசினாள். எட்டு மாதத்தில் அவள் முழுசாகப் பேசி நான் கேட்டது அன்றுதான். "மெஷின் நின்னுதான் இருந்துச்சுக்கா. நான் கையை உள்ள விட்டிருந்தேன். இவர் போன் பேசிக்கிட்டே ஊதினாரு. அப்புறம் ஊதவே இல்லைன்னு எழுதிக் குடுத்துட்டாரு."

"ஊதினீங்களா?" என்று பெண்டாட்டி கேட்டாள்.

"பார்க்கல" என்றார் அவர். "பார்க்காம ஊதிட்டேன்."

"ஊதினீங்களா இல்லையா?"

"ஊதினேன்."

நான் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டேன். அக்கா இதோடு விட்டுவிடுவாள் என்று நினைத்தேன். அவள் ஜாடியை இன்னும் ஒரு விரற்கடை அவர் பக்கம் நகர்த்தினாள். அந்தப் பெண்ணும் விலகி நின்று சொன்னாள்:

"அப்ப கையை விடுங்க."

அவர் சட்டைக் கையை மடித்தார். விரல்கள் எண்ணெயில் பட்டதும் கண்ணை மூடிக்கொண்டார். மணிக்கட்டு வரை உள்ளே போயிற்று. அக்கா அவசரப்படுத்தவில்லை. அவர் அடியில் துழாவுவதையும், ஆணிகள் கண்ணாடியில் உரசுவதையும் கேட்டுக்கொண்டிருந்தாள். விசிலை எடுத்தபோது கை முழுக்கக் கறுப்பு.

"பொய் சொன்ன இடத்துல போய் உண்மையைச் சொல்ற வரைக்கும் அது போகாது. சோப்பு போட்டுப் பாருங்க" என்றாள்.

அவர் சோப்பு போட்டார், மண் போட்டார், மண்ணெண்ணெய் போட்டார் என்று அவர் பெண்டாட்டி பிறகு சொன்னாள். கரி போயிற்று. ஆனால் தேய்த்துத் தேய்த்துத் தோல் உரிந்தது. மிளகு ஏறியதோ, துரு ஏறியதோ, அக்காவின் எட்டு மாத மூச்சு ஏறியதோ, கை வீங்கிவிட்டது. சோற்றைப் பிசைந்து சாப்பிட முடியவில்லை. பெண்டாட்டி ஊட்டிவிடவில்லை.

ஐந்தாம் நாள் கையில் கட்டோடு தொழிற்சாலைக்கு வந்தார். எல்லாரையும் கூடத்தில் நிற்கவைத்து, "மெஷின் நின்னிருந்தது. நான்தான் ஊதினேன்" என்றார். ஆபீசிலிருந்து மறுபடி ஆட்கள் வந்தார்கள். பழைய காகிதத்தைக் கிழித்து, தங்கை மேல் தப்பில்லை என்று புதிதாக எழுதினார்கள். அவர் வேலையும் போயிற்று. முப்பது பேரையும் திரும்பக் கூப்பிட்டுக் கேட்டபோது நான் முதல் ஆளாகப் போய், "எனக்கு நல்லாக் கேட்டுச்சு. அன்னைக்குப் பொய் சொன்னேன்" என்று சொன்னேன். அக்கா அதைக் கேள்விப்பட்டு, "எட்டு மாசம் லேட்டு" என்றாள். வேறு எதுவும் சொல்லவில்லை.

இரண்டு வாரம் கழித்து அவர் தனியாக வந்தார். மெலிந்திருந்தார். உள்ளே வரவில்லை, படியிலேயே நின்றார்.

"சொல்லிட்டேன்மா. எல்லார் முன்னாலயும் சொல்லிட்டேன். வீக்கம் இன்னும் வடியல. எதையாவது தடவி எடுத்துவிடு."

அக்கா பொத்தான் தைப்பதை நிறுத்தவில்லை.

"நீங்க சொன்னது என் தங்கச்சிக்கு. அவளுக்குச் சேர வேண்டியது சேந்துருச்சு. எண்ணெய் என்னோடது. எனக்கு இன்னும் ஆறல."

"அப்ப என்ன செய்யணும்?"

"டாக்டர்கிட்டப் போங்க. விரல் இருக்குல்ல, வைத்தியம் பார்க்கலாம்."

அவர் இடது கையால் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இறங்கிப் போனார். தங்கை எழுந்துபோய்க் கதவைச் சாத்தினாள்.

நான் இன்றைக்கும் கும்பிடும்போது தெரிந்தவர் தெரியாதவர் எல்லாரையும் ஒவ்வொருவராக நினைத்து, நல்லா வை என்று கேட்கிறேன். தங்கைக்காகக் கேட்கிறேன், அக்காவுக்காகக் கேட்கிறேன், அவர் பெண்டாட்டிக்காகவும் கேட்கிறேன். அவர் முறை வரும்போது கொஞ்சம் நிற்பேன். நாளைக்குக் கேட்டுக்கொள்ளலாம் என்று எழுந்துவிடுவேன்.