முழங்காலில் ஒட்டிய டேப்

ஆக்லாந்தின் ஒரு தொழில்முறை கூடைப்பந்து அணிக்கு நான் பிசியோதெரபிஸ்ட். அந்த சீசன் முழுக்கத் தோல்விதான். ஒனிஹங்காவில் வீட்டுக்குள் நுழைந்ததும் கணவர், "இண்டைக்கும் தோல்விதானோ?" என்பார். "ஓம்" என்று நானும் சிரித்துவிடுவேன்.

கடைசி ஆட்டத்திலும் தோற்றோம். அணித்தலைவருக்கு அடுத்த சீசனுக்கு ஒப்பந்தம் இல்லை என்பது எல்லோருக்கும் தெரியும். உடைமாற்றும் அறையில், அவருடைய தேய்ந்த முழங்காலுக்குத் தாங்கலாக நான் ஒட்டியிருந்த டேப்பை வெட்ட, வழக்கம்போலக் கத்தரிக்கோலுடன் குனிந்தேன். அவர் என் கையைத் தடுத்தார்.

"கொஞ்சம் பொறுங்கள்," என்றார் ஆங்கிலத்தில். "இதைக் கழற்றிவிட்டால் நான் விளையாட்டுக்காரன் இல்லை."

பக்கத்தில் உட்கார்ந்தேன். மற்றவர்கள் எல்லோரும் போன பிறகு அவரே காலை நீட்டினார். வெட்டினேன்.

வீட்டில் கணவர் வழக்கம்போலக் கேட்டார். "ஓம்" என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.