சாரல் காலத்தில் சக்கரச் செருப்பு

யுத்தம் தொடங்குவதற்கு இரண்டு வருடம் முன்னால் தென்காசியில் ஒரு ஷாப்புக் கடையில் வேலை பார்த்தேன். அரிக்கேன் விளக்கு, பூட்டு, சைக்கிள் டயர், சீமைச் சோப்பு என்று கப்பலில் வருகிற சாமான்களை விற்கிற கடை. தூத்துக்குடியில் இருந்த ஓர் இறக்குமதிக் கம்பெனி எங்களுக்குச் சரக்கு அனுப்பும். எனக்கு இங்கிலீஷ் ஓரளவு எழுத வரும் என்பதால் அந்தக் கம்பெனியோடு கடிதம் எழுதுவது என் பொறுப்பு.

அந்த வருடம் சித்திரையில் கம்பெனியிலிருந்து ஒரு கடிதமும் ஒரு மரப்பெட்டியும் வந்தன. மேல்நாட்டில் காலில் கட்டிச் சறுக்கி ஓடுகிற ஸ்கேட் என்னும் செருப்பைத் தயாரிக்கிறவர்கள், இந்தப் பக்கம் தங்கள் சரக்கு விலைபோகுமா என்று கேட்டிருக்கிறார்களாம். யார் வாங்குவார்கள், எந்த மாதத்தில் விற்கும் என்று விசாரித்து எழுத வேண்டும். பெட்டியில் மாதிரிக்காக அடியில் சக்கரம் வைத்தது நாலு ஜோடி, கத்தி வைத்தது ஒரு ஜோடி.

முதலாளி கத்தி வைத்ததை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“இது என்னத்துக்குலே? தேங்கா துருவவா?”

“ஐஸ் மேல சறுக்குததுக்காம், அண்ணாச்சி.”

“திருநெல்வேலியிலருந்து மரத்தூள்ல பொதிஞ்சு ரயில்ல வார ஐஸு, சோடாக் கடைக்குப் போயிச் சேருததுக்குள்ள பாதி தண்ணியாப் போவுது. அது மேல எவன் நிப்பான்? வேண்டாம்னு எழுதிரு.”

சக்கரம் வைத்ததை அவர் அப்படித் தள்ளிவிடவில்லை. ஆனி ஆடியில் குற்றாலத்துக்கு மதுரை வக்கீல்களும் ஜமீன் குடும்பங்களும் மலைத்தோட்டத்துத் துரைமாரும் வருவார்கள். குளித்துச் சாப்பிட்ட பிறகு அவர்களுக்குப் பொழுது போகாது. அங்கே கொண்டு வைத்தால் ஓடும் என்று நான்தான் அடித்துச் சொன்னேன். போட்டுக் காட்ட ஆள் வேண்டுமே என்று கடைக்குள்ளேயே ஒரு தடவை கட்டிக்கொண்டு நின்று பார்த்தேன். பூட்டு அடுக்கியிருந்த அலமாரியோடு சேர்ந்து விழுந்தேன்.

அன்றைக்கு மண்ணெண்ணெய் வாங்க வந்திருந்த நெசவாளி ஒருவர் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். நாற்பது வயதிருக்கும், ஒல்லியான ஆள். ரங்கூனில் பல வருடம் இருந்துவிட்டு வந்தவர் என்று தெருவில் எல்லோருக்கும் தெரியும். அங்கே என்ன வேலை பார்த்தார் என்று யாரும் கேட்டதில்லை. எல்லோரும் அவரைப் பாய் என்றே கூப்பிடுவோம். அவர் குனிந்து ஒரு சக்கரத்தை விரலால் சுண்டிவிட்டுக் காதோரம் வைத்துக் கேட்டார்.

“பேரிங் நல்ல பேரிங்தான் தம்பி. எண்ணெய் விடாம வச்சிருக்கிய.”

“உங்களுக்கு இது தெரியுமா, பாய்?”

“ரங்கூன்ல இதுக்குன்னே ஒரு கொட்டகை உண்டு. வாரவுக காலுல வாரைக் கட்டிவிடுதது என் வேலை. காலையில தரையைத் தொடச்சிட்டு, கொட்டகை தெறக்க முந்தி நாங்களே ஓடிப் பாப்போம்.”

மறுநாள் அச்சன்புதூர் போகிற வழியில் இருந்த அரிசி மில்லுக்கு அவரைக் கூட்டிக்கொண்டு போனோம். நெல் காயப்போட அங்கே பெரிய சிமெண்டுக் களம் உண்டு. முதலாளி ஒரு ஓரமாக நெல்லை ஒதுக்கச் சொன்னார். பாய் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு, உட்கார்ந்து வாரை இழுத்து மாட்டினார். எழுந்து முதல் இரண்டு தடவை மெதுவாகப் போய்வந்தார். மூன்றாவது தடவை போனபோது அவருடைய முதுகு நிமிர்ந்துவிட்டது. ஒரு காலைத் தூக்கிக்கொண்டு களத்தைச் சுற்றி வந்தார். பிறகு திரும்பிநின்று பின்பக்கமாகவே போனார். தினமும் தறிக்குழியில் குனிந்து உட்கார்ந்திருக்கிற மனிதர்தானா இவர் என்றிருந்தது. நெல் கிளறிக்கொண்டிருந்த பெண்கள் பலகையைப் போட்டுவிட்டு நின்றார்கள்.

“எம்மா, மனுசன் மெதக்குதாரே!” என்றாள் ஒருத்தி.

அந்தச் சேதி சாயங்காலத்துக்குள் அவர் வீட்டுக்குப் போய்விட்டது. மறுநாள் அவருடைய மனைவி கடைக்கு வந்து, முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு என்னைக் கூப்பிட்டார்.

“தம்பி, அவுக காலு தறி மிதிக்கிற காலு. நாலு பேரு கை தட்டுனா அவுகளுக்கு நிறுத்தத் தெரியாது. நீதான் பாத்துக்கிடணும்.”

“நான் கூடவே நிக்கேன், அக்கா. ஒண்ணும் ஆவாது” என்றேன்.

ஆனி பிறந்ததும் குற்றாலத்தில் ஐந்தருவி போகிற சாலையில், பாக்கு காயவைக்கிற கொட்டகை ஒன்றை எடுத்தோம். சிமெண்டுத் தரை, தகரக் கூரை, மூன்று பக்கமும் திறப்பு. பாய் நடுவில் ஓடிக் காட்டுவார். பார்க்கிறவர்களுக்கு ஆசை வந்தால் கட்டிவிட்டுப் பழக்குவோம், பிடித்தவர்கள் வாங்கிக்கொள்ளட்டும் என்று ஏற்பாடு.

கூட்டத்துக்குக் குறைச்சல் இல்லை. குளித்துவிட்டுப் போகிறவர்கள் எல்லாம் ஈரத்துணியோடு நின்று பார்த்தார்கள். ஆனால் காலை நீட்ட ஒருவரும் வரவில்லை. மதுரை வக்கீல் ஒருவர் மட்டும் கட்டிக்கொண்டு, என் தோளை விடாமல் பத்தடி போனார். “எங்க வீட்ல தரை பூராவும் செங்கல். இதை வாங்கிட்டுப் போய் எங்கே ஓட்ட?” என்று கழற்றிவிட்டார். அவர் கேட்டது நியாயம்தான். தென்காசியில் தெருவெல்லாம் மண். வழுவழுப்பான தரை உள்ள பங்களாக்காரர்கள் வேலைக்காரர் முன்னால் விழுந்து எழுந்திருக்க விரும்பவில்லை.

இன்னொரு சங்கடம், நாங்கள் யோசித்தே பார்க்காதது. கூட்டம் வருவதே சாரல் அடிக்கும்போதுதான். சாரல் அடித்தால் கொட்டகைக்குள் மூன்று பக்கமும் ஈரம். மணிக்கொரு தடவை கோணிப்பையால் துடைத்தோம். சக்கரத்தில் துரு ஏறியது. வெயில் அடித்துத் தரை காய்ந்த அன்றைக்கு, அருவியில் தண்ணீர் குறைந்துவிட்டதென்று ஆட்கள் ஊருக்கு வண்டி ஏறினார்கள்.

ஒன்பதாம் நாள் முற்பகலில் நல்ல கூட்டம். உடம்பெல்லாம் எண்ணெய் தேய்த்துக்கொண்டு அருவிக்குப் போன நாலைந்து பேர் குறுக்கு வழியென்று எங்கள் கொட்டகைக்குள் புகுந்து போனார்கள். சிமெண்டுத் தரையில் அவர்களுடைய பாதத் தடம் பளபளவென்று கிடந்தது. நான் பார்த்தேன். வழுக்காமல் இருக்கத் தூவுகிற மரத்தூள் மூட்டை என் பக்கத்திலேயே இருந்தது. அப்போது பாய் பின்பக்கமாக ஓடிக்கொண்டிருந்தார், ஜனங்கள் கை தட்டிக்கொண்டிருந்தார்கள். இந்தச் சுற்று முடியட்டும் என்று இருந்துவிட்டேன்.

அவர் விழுந்த சத்தம் தகரத்தில் கல் விழுந்தமாதிரி கேட்டது. வலது கணுக்கால் ஒரு பக்கமாகத் திரும்பியிருந்தது. வில்வண்டியில் வைத்துத் தென்காசிக்குக் கொண்டுவந்தோம். எலும்பு கட்டுகிற வைத்தியர் மூங்கில் பத்தை வைத்துக் கட்டி, இரண்டு மாதம் ஊன்றக் கூடாது என்றார். பாய் வீட்டு வாசலில் அவர் மனைவி என்னைப் பார்க்காமலே அவரைத் தாங்கி உள்ளே கூட்டிப்போனார். ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

தறி நின்றுபோனது. முதலாளி யோசித்துவிட்டு, “அவர் வீட்ல சும்மா இருக்காண்டாம். வண்டியில கூட்டியா. கடையில உக்காரட்டும்” என்றார். பாய் காலை ஒரு சோப்புப் பெட்டிமேல் நீட்டிக்கொண்டு விளக்குகளுக்குத் திரி போட்டுக் கொடுத்தார், பூட்டுகளைச் சரிபார்த்தார், வருகிறவர்களிடம் பேசி விற்றார். அவருக்கு என்னைவிட நன்றாக விற்க வந்தது.

ஒரு மத்தியானம் கடையில் நாங்கள் இரண்டு பேர் மட்டும் இருந்தோம். எனக்குப் பொறுக்கவில்லை.

“பாய், அந்தத் தரையில எண்ணெய் கெடந்ததை நான் பாத்தேன். தூள் போட்டிருக்கணும். போடல.”

அவர் திரியை வெட்டிக்கொண்டே இருந்தார்.

“நானும் பாத்தேன் தம்பி. ரெண்டு சுத்துக்கு முன்னாலயே பாத்தேன். அத்தனை பேரு நின்னு பாக்கும்போது நிறுத்த மனசு வரல.” கொஞ்சம் கழித்து, “வீட்டுல சொல்லிராத” என்றார்.

கம்பெனிக்கு எழுத வேண்டிய பதிலை அந்த வாரம் இருவரும் சேர்ந்து எழுதினோம். பட்டணத்துக் கொட்டகை வியாபாரம் எப்படி நடக்கும் என்று அவருக்குத் தெரியும், அதை இங்கிலீஷில் எழுத எனக்குத் தெரியும். கத்தி வைத்த சரக்குக்கு இங்கே இடமே இல்லை. சக்கரம் வைத்ததற்குத் தரை இல்லை. தரை போட்டாலும் ஜனங்கள் வருகிற மாதங்களில் அது நனைந்தே இருக்கும். வெளியூரார் இங்கே வருவதே நனைவதற்குத்தான். மாதிரிகளில் துரு ஏறாத இரண்டு ஜோடியைத் திருப்பி அனுப்புகிறோம், மற்றதற்கு மன்னிக்கவும். இவ்வளவும் எழுதி, கீழே முதலாளியின் கையெழுத்து வாங்கி அனுப்பினேன்.

புரட்டாசியில் பாய் மறுபடி தறியில் உட்கார்ந்தார். வலது கால் முன்போல் மடங்கவில்லை. மிதிகட்டையை அரைச் சாண் உயர்த்திக் கட்டிக்கொண்டு நெய்தார். வேகம் குறைந்துதான் போயிற்று. அவர் மனைவி என்னோடு பேச அடுத்த நோன்புப் பெருநாள்வரை ஆனது. அன்றைக்கு வீட்டிலிருந்து பலகாரம் கொடுத்துவிட்டிருந்தார்கள். பலகாரம் வந்த ஏனத்தைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது, “காலு பரவால்ல தம்பி, நடக்காவ” என்றார்.

எங்கள் கடிதத்தைக் கம்பெனிக்காரர்கள் படித்திருக்கிறார்கள் என்பது பங்குனியில் தெரிந்தது. நீங்கள் எழுதியபடி பார்த்தால் உங்கள் ஊருக்கு இதுதான் பொருந்தும் என்று, ரப்பர் பூசிய மழைக்கோட்டு இரண்டு கட்டு அனுப்பியிருந்தார்கள். ஆனியில் தறியை மைத்துனரிடம் விட்டுவிட்டு, பாய் ஐந்தருவிச் சாலையில் கடைபோட்டு உட்கார்ந்தார். ஆடி முடிவதற்குள் எல்லாம் விற்றுப்போயின.