தகரச் சத்தம்

அனா ஆவன்னாவுக்கு முன்னால் நாங்கள் படித்தது யானைப் பாடம். சாந்தன்பாறைக்கு மேலே ஏலக்காட்டுக் கூலிக்காரர்களின் லய வீடுகளில் வளர்ந்த பிள்ளைகள் எல்லோரும் அப்படித்தான். யானை இறங்கினால் பெரியவர்கள் தகர டின்னைத் தட்டி விரட்டுவார்கள். அந்தச் சத்தம் கேட்டதும் சிறுசுகள் கட்டிலுக்கு அடியிலோ, வெளியே இருந்தால் கிடைத்த புதருக்குள்ளோ பதுங்கி, இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொள்ள வேண்டும். யார் கூப்பிட்டாலும் பதில் சொல்லக் கூடாது. பெற்றவள் வந்து தூக்கும்வரை மூச்!

இந்தப் பாடத்தில் சித்தியின் மகள்தான் எங்களில் கெட்டிக்காரி. மூன்று வயது. விருந்தாளிகள் வந்தால் சித்தப்பா வேடிக்கைக்காகத் தட்டைத் தட்டிக் காட்டுவார். தின்றுகொண்டிருந்த முறுக்கைப் போட்டுவிட்டுப் பாப்பா கட்டிலுக்கடியில் போய்விடுவாள். மிட்டாய் தருகிறேன் என்று கெஞ்சினாலும் சத்தம் வராது. சித்தி போய்த் தூக்கினால்தான் உண்டு. எங்களுக்குச் சிரித்துச் சிரித்து வயிறு வலிக்கும்.

எழுபதுகளில் ஒரு காயெடுப்புக் காலம். பள்ளிக்கூடம் லீவு என்பதால் நானும் அம்மாவோடு காட்டுக்குப் போயிருந்தேன். சின்னப் பிள்ளைகளை மரத்தடியில் சாக்கு விரித்துப் படுக்கப் போட்டுவிட்டு அங்கேயே வேலை பார்ப்பது எங்கள் ஆட்களின் வழக்கம். அன்றும் பாப்பா அப்படித்தான் தூங்கிக்கொண்டிருந்தாள். காய் எடை போடக் கூப்பிட்டதும் சித்தி கூடையைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்குப் போனாள். அம்மாவும் நானும் பின்னாலேயே போனோம். திரும்பி வந்தபோது சாக்கு மட்டும் கிடந்தது.

“ஒண்ணுக்குப் போயிருப்பா, கழுத,” என்று சித்தி சிரித்தாள். இரண்டு முறை கூப்பிட்டாள். மூன்றாவது முறை கூப்பிட்டபோது அவள் குரல் வேறு யாருடையதோ போல இருந்தது. நான் சாக்கைத் தூக்கி அடியில் பார்த்தேன். மூன்று வயதுப் பிள்ளை சாக்குக்கு அடியில் எப்படி இருக்கும்? ஆனாலும் பார்த்தேன். எனக்குப் பிறகு அம்மா வந்து அதே சாக்கைத் தூக்கிப் பார்த்தாள்.

அதற்குள் மஞ்சு புகை மாதிரி இறங்கி மூடிவிட்டது. ஏலச்செடி ஆள் உயரத்துக்கு மேல் நிற்கும். இரண்டு தூர் தள்ளி நிற்பவர் முகம் தெரியாது. கங்காணி ஓடி வந்தார்.

“கொம்பன் ஒண்ணு நேத்துலேருந்து இங்கதான் சுத்துது. வெறுங்கையோட யாரும் உள்ள போகாதீங்க. டின்ன எடுங்கப்பா!”

அவரைக் குறை சொல்ல முடியாது. எல்லா லயத்திலிருந்தும் ஆட்கள் வந்துவிட்டார்கள். மண்ணெண்ணெய் டின், ஈயத்தட்டு, குடம் என்று கையில் கிடைத்ததையெல்லாம் தட்டிக்கொண்டு, பாப்பா பாப்பா என்று கத்திக்கொண்டு இறங்கினார்கள். மலையே அதிர்ந்தது. ஒரு பிள்ளைக்காக இத்தனை பேரா என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

கூட ஓடிக்கொண்டிருந்த சித்தி சட்டென்று நின்றாள். கங்காணி கையிலிருந்த டின்னைப் பிடுங்கி எறிந்தாள்.

“தட்டாதீங்க! ஐயா, உங்க காலப் புடிக்கிறேன், தட்டாதீங்க!”

தட்டுகிறவர்கள் கையையெல்லாம் பிடித்துக் கடித்தாள். பெற்ற வயிறு, புத்தி பேதலித்துவிட்டது என்று சொல்லிப் பெண்கள் அவளை லயத்துக்கு இழுத்துப் போனார்கள். ஒரு கையை அம்மாதான் பிடித்திருந்தாள். ஊரே பாடுபடும்போது இந்தச் சித்தி ஏன் இப்படி மானத்தை வாங்குகிறாள் என்று எனக்குக் கோபம் வந்தது. தகரச் சத்தம் நிற்கவில்லை.

மறுநாள் போலீஸ் வந்து மலையாளத்தில் விசாரித்தது. ஓடையைக் கலக்கினார்கள், குழிகளில் கம்பை விட்டுப் பார்த்தார்கள். பாப்பா உடுத்தியிருந்த சீட்டிப் பாவாடையில் ஒரு நூல்கூடக் கிடைக்கவில்லை. யானை என்றார்கள், புலி என்றார்கள், பிள்ளை பிடிக்கிறவன் ஜீப்பில் கொண்டுபோய்விட்டான் என்றார்கள். ஊர்வாயை மூட முடியுமா? என்ன ஆனாள் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. சித்தப்பா சித்தியைப் போடிக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டார். போகிற அன்று சித்தி அம்மாவிடம் ஒரு வார்த்தை பேசவில்லை.

மழை ஓய்ந்த பிறகு ஒரு சாயங்காலம் நிஜமாகவே யானை வந்தது. அம்மா வாசலில் நின்று டின்னைத் தட்டினாள். சத்தம் ஓய்ந்ததும் உள்ளே வந்து என் சின்னத் தம்பியைத் தேடினாள். அவன் கட்டிலுக்கடியில் சுவரோடு ஒட்டி, வாயைப் பொத்திக்கொண்டு கிடந்தான்.

“கூப்பிட வேண்டியதுதான?” என்றாள் என்னிடம்.

“எத்தன வாட்டி கூப்பிட்டேன் தெரியுமா? பொரிகடல தாரேன்னேன். வாயத் தொறக்கவே இல்லம்மா. அப்படியே நம்ம பாப்பா மாதிரி!” என்று அவனுக்காக நான் பெருமைப்பட்டேன்.

அம்மா கையிலிருந்த டின் கீழே விழுந்தது. “ஐயோ, அவ சொன்னாளே, அவ சொன்னாளே,” என்று தலையில் அடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து அழுதாள். நான் அப்படி ஒரு அழுகையை அதற்கு முன் கேட்டதில்லை.

யானைக்குப் பயந்துதான் அழுகிறாள் என்று நினைத்தேன். பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவிக்கொடுத்து, “யானை போயிருச்சும்மா,” என்று சொன்னேன்.