பூண்டுப் பரணில் ஒரு நாவல்

பூண்டி கிராமம். அடுப்புக்கு மேலே, விதைப்பூண்டுக் கொத்துகளோடு ஒரு காகிதக் கட்டும் புகையில் தொங்குகிறது.

கொடைக்கானலுக்கு டீச்சராக வந்து, பிறகு இந்த வீட்டின் பின்கட்டிலேயே தங்கிவிட்ட ஸ்காட்லாந்துக்காரர் ஃபியோனா எழுதியது. பன்னிரண்டு துப்பறியும் நாவல்களுக்குப் பிறகு, இதைப் பென்சிலில் முடித்துவிட்டு, தமிழாக்க என்னை அழைத்தார். அடுத்த மாதம், அடுத்த மாதம் என்று மூன்று வருடம் தள்ளினேன். போன வருடம் அவர் இறந்துவிட்டார்.

வீட்டுச் சொந்தக்காரர் மாரியப்பன் கட்டை இறக்குகிறார். "நீங்க வர்ற வரைக்கும் பூசணம் புடிக்காம வைன்னாங்க. பூண்டே புகையில வருசம் பூராக் கெடாமக் கெடக்கு, காயிதத்துக்கு என்னன்னு கட்டித் தொங்கவிட்டேன்."

அவிழ்க்கிறேன். பூசணம் இல்லை. எழுத்தும் இல்லை. எல்லாத் தாளும் கடுங்காப்பி நிறம். சொன்னபடி ஒரு மாதத்தில் வந்திருந்தால், தாள் மஞ்சளாவதோடு நின்றிருக்கும்.

"கொலகாரன் யாருங்க? டீச்சரம்மா கதை சொல்லையில டாக்டருதான்னேன். சிரிச்சாங்களே ஒழிய சொல்லல. படிக்க ஒரு ஆளு வருவாரு, அவரைக் கேளுன்னுட்டாங்க." குரல் இறங்குகிறது. "எழுத்துத் தெரியுதுங்களா?"

"தெரியுது. டாக்டர்தான்."

"அப்பிடிப் போடு! நான் சரியாச் சொல்லியும், சிரிச்சே என்னைய ஏச்சுப்புட்டாங்களே டீச்சரம்மா!"

தொடையில் தட்டிச் சிரிக்கிறார். நான் தலை நிமிராமல் அடுத்த கறுப்புத் தாளைப் புரட்டுகிறேன், படிக்கிறவனைப் போல.