இடது காலில் எம்பியவள்

பர் துபாயில் ஒரு கிளினிக்கில் நான் பிசியோதெரபிஸ்டாக இருந்தபோது, என்னிடம் வந்தவர்களில் பாதிப்பேருக்குக் கழுத்து வலி, மீதிப்பேருக்கு இடுப்பு வலி. "எப்ப சரியாகும்?" என்று எல்லாரும் கேட்பார்கள். சொன்ன பயிற்சியை வீட்டில் செய்ய மட்டும் ஒருத்தருக்கும் நேரம் இருக்காது. அப்படி அலுத்துப்போயிருந்த நாளில்தான் அந்த டச்சுக்காரப் பெண் வந்தாள். வாசல் நிலையில் தலை இடித்துவிடுமோ என்று நான் பயந்த உயரம். இடது முட்டியில் ஆபரேஷன் தழும்பு.

அவள் ஹேண்ட்பால் ஆட்டக்காரி. ஃபுட்பால் மாதிரியே கோல் உண்டு, ஆனால் பந்தைக் கையால் எறிய வேண்டும். மறித்து நிற்பவர்களின் தலைக்கு மேலே எம்பி, அந்தரத்தில் இருந்தபடியே எறிவதுதான் இவள் வேலை. அதற்காக டென்மார்க்கில் ஒரு கிளப் சம்பளம் கொடுத்து வைத்திருந்தது. பள்ளிக்கூடக் காலத்திலிருந்து இதைத் தவிர வேறெதுவும் தெரியாது என்றாள். ஒரு மேட்சில் எம்பி இறங்கும்போது முட்டி ஜவ்வு கிழிந்துவிட்டது. கணவனுக்கு இங்கே கடலில் மண்ணைக் கொட்டித் தீவு உண்டாக்கும் கப்பலில் வேலை. அவனோடு இருந்து உடம்பைத் தேற்றிக்கொள்ளலாம் என்று வந்திருந்தாள்.

சொன்னதைச் செய்தாள், மகராசி! போதும் என்றாலும் நிறுத்த மாட்டாள். சூம்பிக் கிடந்த தொடை மெல்ல மெல்லத் திரண்டது. அடுத்து ஓட வேண்டும், எம்ப வேண்டும், எறிய வேண்டும். ஷார்ஜாவில் ஒரு கிளப்பின் உள்ளரங்கம் வெள்ளிக்கிழமை காலையில் காலியாகக் கிடக்கும் என்று விசாரித்து வைத்தாள். "ஜும்மா தொழுகைக்கு முன்னாடி கலாஸ், மேடம், முடிச்சுக்கணும்" என்று வாட்ச்மேன் பாய் திறந்துவிடுவார். என் டூட்டியில் இதெல்லாம் சேராது. லீவு நாளில் வீட்டில் படுத்துக் கிடக்காமல் எனக்கு என்ன கிறுக்கோ, போனேன்.

காலி கோலைப் பார்த்து எறிந்தால் உணர்ச்சியே வரவில்லை என்று என்னைப் பிடித்துக் கோலில் நிறுத்தினாள். சுடிதாரில், துப்பட்டாவை இடுப்பில் இறுக்கிக் கட்டி, இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு நிற்பேன். அந்தப் பந்து வருகிற வேகம் இருக்கிறதே, அம்மாடி!

விரலிடுக்கு வழியாகப் பார்த்தபோதுதான் அவள் திருட்டுத்தனம் தெரிந்தது. வலது கையால் எறிகிறவள் இடது காலை ஊன்றித்தான் எம்ப வேண்டும். இவள் கடைசி அடியில் காலை மாற்றி, வலது காலால் எம்பினாள்.

"இடது காலை என்ன, வாடகைக்கு விட்டிருக்கியா?" என்று கேட்டேன்.

"இது புது ஸ்டைல். பழகிப் பார்க்கிறேன்."

"மண்ணாங்கட்டி! உன் முட்டி எப்பவோ தேறியாச்சு. நீதான் இன்னும் தேறல." மற்றதை ஆங்கிலத்தில் சொன்னேன். மண்ணாங்கட்டியை மட்டும் தமிழிலேயே சொன்னேன்.

அவள் கோபித்துக்கொள்ளவில்லை. "ஜவ்வு கிழிஞ்சப்ப உள்ளே ஒரு சத்தம் வந்துச்சு. இடது காலை ஊன்றப் போனாலே அது கேட்குது" என்றாள். அதற்கு என்னிடம் பயிற்சி எதுவும் இல்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. அதை மறைக்க, கோலில் நின்று கால் வலிக்கிறது என்று எரிந்து விழுந்தேன்.

இந்த நிலைமையில் அவளுடைய கோச் வருவதாகச் செய்தி வந்தது. அந்த அம்மா விடுமுறைக்குப் போகிற வழியில் துபாயில் இறங்கி இவளைப் பார்ப்பாராம். பழையபடி எம்பினால் அடுத்த சீசனுக்கு ஒப்பந்தம். இல்லாவிட்டால் அந்த இடத்துக்கு வேறொருத்தி தயாராக இருந்தாள்.

வெள்ளிக்கிழமை காலை என் வீட்டுக்காரர்தான் எங்களை வண்டியில் கொண்டுவந்து விட்டார். அவள் பந்துப் பையும் எங்கள் வண்டியில்தான் கிடந்தது. அவர் கேலரியில் உட்கார்ந்தார். கோச் கையைக் கட்டிக்கொண்டு பக்கக்கோட்டில் நின்றார். நான் கோலில். வலது காலால் எம்பித் தொலைக்கப் போகிறாள், எல்லாம் போச்சு என்றுதான் நினைத்தேன்.

அவள் ஓடிவந்தாள். எறியக் கையை ஓங்கியபோது பந்து வழுக்கி, முன்பக்கமாக மேலே எகிறியது. யோசிக்க நேரம் ஏது? எம்பி, அந்தரத்தில் இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டு இறங்கினாள். இறங்கியவள் பந்தைப் பார்த்து என்னவோ டச்சில் திட்டினாள். நான் "ஐயோ!" என்று கத்திவிட்டேன். எம்பியது இடது கால்.

ஓடிப்போய்ப் பந்தை வாங்கினேன். குப்பென்று தேங்காய் எண்ணெய் வாசம். கேலரியைப் பார்த்தேன்.

"ஏங்க! பந்தை என்ன பண்ணுனீங்க?"

"ஒரே பிசுபிசுன்னு அழுக்கா கெடந்துச்சு. வெள்ளைக்காரம்மா வராங்களேன்னு எண்ணெ போட்டுத் தொடச்சேன். பலாப்பழம் அறுத்தா கைக்கு எண்ணெ போடறதில்லயா?"

"வெளங்கும்! பந்து கையில ஒட்டணும்னுதாங்க அவங்க பிசின் தடவறதே!"

பண்ருட்டிக்காரர். பிசினைக் கண்டால் அவர் கை சும்மா இருக்காது. அவரை அங்கேயே நாலு வார்த்தை கேட்டிருப்பேன். அதற்குள் அவள் என் தோளைப் பிடித்து, "ஏன் கத்தினீங்க?" என்றாள்.

"இடது கால்ல எம்புன."

"பொய்."

"உண்மைதான்" என்றார் கோச். "ஆனா அது தவறி எம்பினது. அதுக்கு நான் ஒப்பந்தம் தர முடியாது. தெரிஞ்சே ஒரு தடவை எம்பு."

அவள் துண்டால் பந்தை அழுந்தத் துடைத்தாள். டப்பாவிலிருந்து பிசினை எடுத்து விரல்களில் தடவினாள். முகம் வெளுத்திருந்தது. இனி என்னால் ஆகக்கூடியது எதுவும் இல்லை. முட்டி அவளுடையது, பயமும் அவளுடையது.

ஓடிவந்தாள். கடைசி அடி. இடது கால் தரையில் அறைந்த சத்தம் அரங்கம் முழுக்கக் கேட்டது. அவ்வளவு உயரத்தில் அவளை நான் பார்த்ததே இல்லை. பந்து என் காதோரமாகப் போய் வலையில் விழுந்தது. நான் கோலுக்குள்ளேயே உட்கார்ந்து அழுதேன். அவள் சிரிக்கவில்லை, யாரையும் பார்க்கவில்லை. அதே பந்தை எடுக்க ஓடினாள். எடுத்து, எம்பி, எறிந்தாள். மறுபடியும் ஓடினாள்.

"போதும், வா. ஒப்பந்தத்தைப் பேசணும்" என்று கோச் கூப்பிட்டார்.

"இன்னும் ஒண்ணு" என்றாள் அவள்.