தங்கச்சிக் கதிரை

பாரிஸின் லா சப்பலில் ஒரு சாறிக்கடையின் பின்னறையில் நான் இருந்து தைக்கும் கதிரையில் சின்ன மெத்தை ஒன்று கிடக்கிறது. சிவப்புத் துணியில் வெள்ளைப் பொட்டுகள், நான்கு மூலையிலும் கட்டுவதற்கு நாடா. சட்டைக்கு அளவு கொடுக்க வருபவர்கள் எங்கே வாங்கியது என்று கேட்பார்கள். ஸ்பெயின் சாமான் என்று சொல்லிவிட்டு அளவு நாடாவைக் கையில் எடுத்துவிடுவேன். முழுக் கதையையும் சொன்னால் என் குணம் வெளியே வந்துவிடும். எனக்குப் பொறாமை அதிகம். சாமான் சட்டில் வராது, ஆட்களில் வரும். எனக்கு ஒருவரைப் பிடித்துவிட்டால் அவர் வேறு யாருடனும் சிரிக்கக்கூடாது.

பக்கத்து மெசினில் பதினொரு வருடம் அக்கா இருந்தார். கூடப் பிறந்தவர் அல்ல. நான் வேலைக்கு வந்த முதல் நாள், ஊசியில் நூல் கோக்கத் தெரியாதவளைப் போல நான் வாசலிலேயே நிற்க, “தங்கச்சி, இஞ்சை வந்து இரு” என்றார். அன்றிலிருந்து அவர் அக்கா, நான் தங்கச்சி. திங்கட்கிழமை கடை பூட்டு. அந்த நாள் முழுக்க எனக்குரியது. லா கூர்னெவில் அவருடைய வீட்டுக்குப் போவேன். பிட்டும் மீன்குழம்பும் சாப்பிட்டுவிட்டு, குனிந்து தைத்துத் தைத்து நோகும் என் முதுகுக்கு அக்கா எண்ணெய் போட்டுவிடுவார். பாரிஸில் என் முதுகைப் பற்றிக் கவலைப்பட்டது அவர் ஒருவர்தான்.

பிறகு ஸ்பெயின்காரி வந்தாள். கண்ணாடிக்குள் தொங்கிய பரதநாட்டிய உடுப்பின் விசிறி மடிப்பைப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே வந்தாள். எங்கள் இரண்டு பேரின் வயதுதான் இருக்கும். அவளுடைய தாய் தகப்பன் தெற்கு ஸ்பெயினிலிருந்து இங்கே தொழிற்சாலை வேலைக்கு வந்தவர்கள். ஒபர்வில்லியேப் பக்கம் அப்படி வந்த குடும்பங்கள் நிறைய, அவர்களுக்கென்று ஒரு மண்டபமும் உண்டு. வசந்தகால ஆட்டத்துக்கு ஒன்பது பாவாடை வேண்டும் என்று மாதிரி ஒன்றை விரித்தாள். சிவப்பில் வெள்ளைப் பொட்டு, முழங்காலுக்குக் கீழே அடுக்கடுக்காகச் சுருக்கு. அக்கா அதைத் தடவிப் பார்த்து, “உது எங்கட விசிறிதான். இவை அதைச் சுத்திவர வைச்சிருக்கினம்” என்றார். அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் கண்டதில்லை. அந்த நிமிடமே எனக்கு அந்தத் துணி பிடிக்காமல் போனது.

அளவு எடுக்க ஒரு திங்கள் அந்த மண்டபத்துக்கு நானும் கூடப் போனேன். சுவர் முழுக்கப் பழைய படங்கள்: தொழிற்சாலை வாசலில் தொப்பியோடு ஆண்கள், பட்டு நூல் தொங்கும் பெரிய பூப்போட்ட சால்வையோடு பெண்கள். நடுவில் சிலர் கைதட்ட, சிலர் குதிக்காலால் நிலத்தை அடித்து ஆடினார்கள். அந்தத் தாளம் நன்றாகத்தான் இருந்தது. ஆனால் ஸ்பெயின்காரி அக்காவின் கையைக் கோத்துக்கொண்டு படம் படமாகக் காட்டினாள், நான் பின்னால் பையைச் சுமந்துகொண்டு நடந்தேன். பாவாடைகள் தைத்து முடிந்த பிறகும் அக்கா திங்கள்தோறும் போனார். “நீயும் வாவன்” என்று ஒவ்வொரு முறையும் கூப்பிட்டார். “அந்த இரும்புக் கதிரையில என்னால இருக்கேலாது, முதுகு நோகும்” என்று முகத்தைத் திருப்பினேன். கதிரை இரும்பு என்பது உண்மை. மற்றது பொய்.

ஒரு நாள் ஸ்பெயின்காரி கடைக்கு வந்திருந்தாள். நான் மூலையில் அயன் பண்ணிக்கொண்டிருந்தேன். அவள் மேசையைத் தட்டி “மேசா” என்றாள். காலில் போட்டிருந்த சப்பாத்தைக் காட்டி “சப்பாத்தோ” என்றாள். பேக்கரிப் பையிலிருந்த பாணைத் தூக்கி “பான்” என்றாள். அக்கா “கதிரையில இருங்கோ” என்றதும், அவள் கையை இடுப்பில் வைத்து அளவுக்குத் திரும்பி நின்றாள். அக்காவுக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணீர் வந்துவிட்டது. “தங்கச்சி, இஞ்சை வா, ஒரு பகிடி கேள்” என்றார். எனக்கு வேலை கிடக்கு என்றேன். அக்கா அவளுக்குத் தமிழ் படிப்பிக்கிறார் என்றே நினைத்தேன். எங்கள் இரண்டு பேருக்குமான பாசையை அவளுக்கு அள்ளிக் கொடுக்கிறார் என்று வயிறு எரிந்தது. அவள் போனதும் சொன்னேன்: “அவவுக்குத் தமிழும் படிப்பிச்சாச்சு. இனி அவவையே தங்கச்சி எண்டு கூப்பிடுங்கோ.” அக்கா நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு அடுத்த சட்டையை எடுத்தார். அடுத்த கிழமையே நான் ஆர்ஜொந்தெய்யில் வேறு கடைக்குப் போய்விட்டேன்.

ஒன்றரை வருடம் கதைக்கவில்லை. அவர் எடுத்தபோது நான் போனைத் தூக்கவில்லை, பிறகு அவரும் எடுக்கவில்லை. ஒரு நாள் பழைய முதலாளி கூப்பிட்டார். அக்கா கனடாவில் மகனிடம் போய்விட்டாராம், மெசின் சும்மா கிடக்கிறதாம். எனக்குச் சொல்லாமல் போய்விட்டார். சொல்லும்படி நான் எங்கே விட்டேன்? திரும்பி வந்து என் பழைய இடத்தில் இருந்தேன். சில நாளில் ஸ்பெயின்காரி புதுப் பாவாடைகளுக்குச் சொல்ல வந்தாள், திங்கள் அளவு எடுக்க வரச் சொன்னாள். அப்படி என்னதான் இருக்கிறது அங்கே என்று பார்க்கவே போனேன்.

மண்டபத்தில், தாய் தகப்பன் காலத்து வீட்டுச் சாமான்களை அடுக்கி, பிள்ளைகளுக்காக ஒவ்வொன்றின் கீழும் ஸ்பானிய மொழியில் பெயர் எழுதி வைத்திருந்தார்கள். எழுத்துக்கூட்டிப் படித்தேன். மேசைக்கு மேசா. ஆட்டச் சப்பாத்துக்குச் சப்பாத்தோ. அலுமாரிக்கு அர்மாரியோ. அலுமாரியின் முன்னாலேயே நின்றுவிட்டேன். போர்த்துக்கீசர் யாழ்ப்பாணத்தில் இறக்கிவிட்டுப் போன சொற்கள் என்று பள்ளிக்கூடத்தில் படித்தவைதான். ஸ்பெயின்காரர் அவர்களுக்குப் பக்கத்து வீடு என்பது அன்றைக்கு என் மண்டையில் ஏறவில்லை. அவள் அன்று பேசியது அவளுடைய தாயின் பாசை. அக்கா எதையும் அள்ளிக் கொடுக்கவில்லை.

நான் நிற்பதைப் பார்த்து ஸ்பெயின்காரி பிரெஞ்சில் சொன்னாள்: “அந்தத் தங்காச்சியில் இரு.”

எனக்கு விளங்கவில்லை. சுவரோரம் இருந்த இரும்புக் கதிரையைக் காட்டினாள். அதில் சிவப்புப் பொட்டு மெத்தை ஒன்று நாடாவால் கட்டியிருந்தது. “உன் அக்காவிடம் நான் படித்த தமிழ் இரண்டே சொல்தான். கதிரை என்றால் எங்கள் கதேரா போல இடுப்பு அல்ல, எல்லாரும் இருக்கிற கதிரை. தங்காச்சி என்றால் வேறு ஆருக்கோ பிடித்து வைத்த கதிரை. ஒவ்வொரு திங்களும் தன் பக்கத்தில் ஒன்றைப் போட்டு, மிச்சத் துணியில் தைத்த இந்த மெத்தையையும் கட்டிவிடுவார். ஆராவது இருக்க வந்தால் கையால் மறித்து, தங்காச்சி என்பார். நாங்களும் அப்படியே சொல்லப் பழகிவிட்டோம். சரிதானே?”

சரி என்று தலையாட்டினேன். திருத்தவில்லை.

அக்காவின் கனடா நம்பர் அவளிடம்தான் இருந்தது. அதைக் கேட்டு வாங்கும்போதும் எனக்குப் பொறாமைதான், மறைக்கவில்லை. மெத்தையையும் அவிழ்த்துத் தந்தாள். மறுநாள் கடையில் அதை என் கதிரையில் கட்டி, அதில் இருந்துகொண்டே அக்காவுக்குப் போன் எடுத்தேன்.

“ஆர் கதைக்கிறது?”

“தங்கச்சி.”

மெத்தை நாடாவின் முடிச்சை விரலால் இறுக்கினேன்.

“முதுகு இப்ப எப்பிடி?” என்றார்.

“நோகேல்லை, அக்கா.”