சிவப்புக் குடைக்காரி

என் அண்ணிக்கு உட்காரத் தெரியாது. நாற்காலியை இழுத்துப் போட்டால் அதன் விளிம்பில் தொற்றிக்கொண்டு, எப்போது எழுந்திருக்கலாம் என்று பார்ப்பாள். காலில் வெந்நீரைக் கொட்டிக்கொண்டவள் போல எந்நேரமும் ஒரு பறப்பு. அவளுக்கு எல்லாரும் வைத்த பெயர் குடைக்காரி. மார்பிள் குவாரியைச் சுற்றிப் பார்க்க வருகிறவர்களை அழைத்துப் போய்க் காட்டுவது அவள் வேலை. கூட்டத்தில் யாரும் தவறிவிடாமல் இருக்க ஒரு சிவப்புக் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் நடப்பாள். மழை இருக்காது, வெயில் இருக்காது, குடை மட்டும் இருக்கும்.

இத்தனைக்கும் அவள் நாலு பேர் முன்னால் வாயைத் திறக்காதவள். கல்யாணமாகி வந்த புதிதில் ஜவுளிக்கடையில் பில் போட்டுக்கொண்டிருந்தாள். விலை கேட்டால்கூட வாயால் சொல்லமாட்டாள், சீட்டைத் திருப்பிக் காட்டுவாள். அப்படிப்பட்டவள் ஐந்து வருஷத்துக்கு முன்னால், குவாரியில் பார்வையாளர்களை விடப்போகிறார்கள் என்று தெரிந்த மறுநாளே போய் எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. “ஏன் அண்ணி, உங்களுக்கு எதுக்கு இந்த வேண்டாத வேலை?” என்றேன். “சும்மாதான்” என்றாள். சும்மா யாராவது தினமும் மலை ஏறுவார்களா?

அந்தச் சுற்றுலாவில் என் பங்கு சாப்பாடு. குவாரிக்குப் போகும் பாதை தொடங்குகிற இடத்தில் எங்கள் வீடு. ஒரு போர்ஷனில் அண்ணனும் அண்ணியும், அடுத்ததில் நான். காலையில் வருகிறவர்களுக்கு கேட்டில் ஹெல்மெட் கொடுப்பார்கள். கல்லுக்குப் பாலிஷ் போடும் கொட்டகையைக் காட்டிவிட்டு, பதினொரு மணிக்கு அண்ணி அவர்களை என்னிடம் கூட்டி வருவாள். குவாரி ஆட்கள் என்ன சாப்பிடுகிறார்களோ அதையே நானும் போடுவேன். தட்டை விட அகலமான ரொட்டி, எலும்பு போட்டுக் கொதித்த குழம்பு, சுட்டுப் பிசைந்த கத்தரிக்காய், பச்சை வெங்காயம். விடியற்காலையில் அடுப்படியில் நின்றால் பதினொரு மணி வரை முதுகு நிமிராது.

ஆனால் குடைக்காரி யாரையாவது நிம்மதியாகச் சாப்பிட விடுவாளா? பந்தி உட்கார்ந்த உடனேயே வாசலுக்கும் அடுப்படிக்கும் நடப்பாள், கடிகாரத்தைப் பார்ப்பாள். “சீக்கிரம், சீக்கிரம், கல் விழறதைப் பாக்க வேணாமா?” என்பாள். இரண்டாவது ரொட்டிக்குக் கை நீட்டியவர்கள் கையை இழுத்துக்கொள்வார்கள். ஐந்து வருஷத்தில் ஒரு நாள்கூட அவள் என் குழம்பில் விரல் வைத்ததில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

கல் விழுவதுதான் அங்கே காண வேண்டிய காட்சி. வைரத் துணுக்கு கோத்த கம்பியை ஓடவிட்டு, தண்ணீர் ஊற்றி ஊற்றி அறுத்து, வீட்டு உயரக் கல்லை மலையிலிருந்து பிரிப்பார்கள். கீழே உடைசலும் மண்ணும் கொட்டி மெத்தை போட்டு, அதன் மேல் பொக்லைனால் தள்ளுவார்கள். நாளைக்கு ஒன்று, பகல் பன்னிரண்டு மணிக்கு. தள்ளுவதற்கு முன் மூன்று முறை சங்கு ஊதும். முதல் சங்குக்குக் கையில் இருப்பதைப் போட வேண்டும். இரண்டாவதுக்குப் பள்ளத்தை விட்டு வெளியே வர வேண்டும். மூன்றாவதுக்குக் கல் சாயும். அந்தச் சங்கு எங்கள் வீட்டு டம்ளர்களை அதிர வைக்கும்.

அந்தக் கம்பியை ஓட்டுவது என் அண்ணன். கம்பிக்காரர் என்றுதான் அவனை எல்லாரும் கூப்பிடுவார்கள். மகா அமைதியான மனிதன். நான் பேசிக்கொண்டே போனால் தலையை ஆட்டிக்கொண்டே இருப்பான், ஒரு வார்த்தை குறுக்கே பேசமாட்டான். ‘எங்கண்ணன் மாதிரி பொறுமைசாலி கிடைக்குமா’ என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் பீற்றிக்கொள்வேன்.

புருஷன் பெண்டாட்டி ஒட்டுதலைப் பற்றி எங்கள் தெருவே சிரிக்கும். கூட்டமே வராத நாளிலும் அண்ணி குடையை எடுத்துக்கொண்டு மேலே போவாள். கேட்டால், பாதை சரியாக இருக்கிறதா என்று பார்க்கவாம். போன வருஷம் காய்ச்சலில் உடம்பு அனலாகக் கொதித்தபோதும் போனாள். அவள் அம்மா வீட்டுக்குக் கிளம்பினால் இவனும் லீவு போட்டுவிட்டுப் பின்னாலேயே போவான். “இருபது வருஷம் ஆச்சு, இன்னும் ஒரு பகல் பிரிஞ்சு இருக்க முடியலயோ?” என்று நான் கேலி செய்வேன். அவள் சிரிக்கக்கூட மாட்டாள், கடிகாரத்தைப் பார்ப்பாள்.

அன்று பதினோரு பேர் வந்திருந்தார்கள். அதில் ரிட்டயர்டான வாத்தியார் ஒருவர், நல்ல சாப்பாட்டு ரசிகர். முதல் வாய் வைத்ததுமே கண்ணை மூடிக்கொண்டார். “அம்மா, இந்தக் கைக்கு வளையல் போடணும்” என்றார். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. இவரையும் பாதி வயிற்றோடு கிளப்பிக்கொண்டு போய்விடுவாளே என்று நினைத்தேன். அவள் வாசலில் யாரையோ ஹெல்மெட் போடச் சொல்லிக்கொண்டிருந்தாள். கதவோரம் சாய்ந்திருந்த குடையை எடுத்து மாவு டின்னுக்குப் பின்னால் சொருகிவிட்டேன். குடை இல்லாமல் அவள் நகரமாட்டாள் என்று எனக்குத் தெரியும். ஒரு கால் மணி நேரம், அவ்வளவுதான். அவர்கள் வயிறார இன்னொரு ரொட்டி சாப்பிடட்டும்.

பதினொன்றே முக்காலுக்கு அவள் உள்ளே வந்தாள். “கிளம்பலாம், கிளம்பலாம். என் குடை எங்க?”

“இங்கதான் எங்கயாவது இருக்கும்” என்று சொல்லிவிட்டு வாத்தியார் தட்டில் குழம்பை ஊற்றினேன்.

கதவுக்குப் பின்னால் பார்த்தாள். பெஞ்சுக்கு அடியில் குனிந்தாள். சாப்பிடுகிறவர்களின் காலை நகர்த்திப் பார்த்தாள். தெருவுக்கு ஓடித் திரும்பி வந்தாள். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. “மழையா கொட்டுது? குடை இல்லாம ஒரு நாள் போனா கல்லு விழமாட்டேன்னா சொல்லப்போகுது?”

“நீ எடுத்தியா?”

“நான் எதுக்கு எடுக்கிறேன்?”

மணி பதினொன்று ஐம்பது. அவள் முகத்தைப் பார்த்தபோதுதான் என் சிரிப்பு நின்றது. மூஞ்சியில் ரத்தமே இல்லை. என் தோளைப் பிடித்து உலுக்கினாள். “விளையாடாதம்மா. உன்னைக் கெஞ்சிக் கேக்கறேன். உங்கண்ணனுக்குக் காது கேக்காது.”

எனக்குப் புரியவில்லை. “என்ன?”

“எட்டு வருஷமா. சங்கு கேக்காது. எதுவும் கேக்காது. குடையைப் பாத்துத்தான் அவர் வெளிய வருவாரு. எங்கடி வச்ச?”

மாவு டின்னைத் தள்ளிக் குடையை உருவிக் கொடுத்தேன். டின் கவிழ்ந்து மாவு கொட்டியது. அவள் அதற்குள் தெருவில் ஓடிக்கொண்டிருந்தாள். கரண்டியைப் போட்டுவிட்டு நானும் பின்னால் ஓடினேன்.

அந்தப் பாதையை நடந்து ஏறப் பத்து நிமிஷம் ஆகும். செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டு ஓடினேன். மூச்சு இரைத்தது. அவன் ஏன் தலையை மட்டும் ஆட்டினான், ஏன் குறுக்கே பேசவில்லை என்பதெல்லாம் ஓட ஓடத்தான் எனக்கு விளங்கியது. எட்டு வருஷம் நான் யாரிடம் பேசிக்கொண்டிருந்தேன்? குவாரியிலும் ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை, வரவும் வராது. மிஷின் சத்தத்தில் அங்கே எல்லாருமே காதை அடைத்துக்கொண்டு கை ஜாடையில்தான் பேசுவார்கள். காது போனவன் ஒளிந்துகொள்ள அதைவிட நல்ல இடம் கிடையாது.

பாதி வழியில் முதல் சங்கு ஊதியது. அண்ணி “ஐயோ, ஐயோ” என்று சொல்லிக்கொண்டே ஓடினாள். கம்பி ஓடும் இடத்தில் கையில் வாட்ச் கட்டக் கூடாது. அவனுக்கு மணியும் தெரியாது, சங்கும் கேட்காது. மேலே பார்வையாளர் மேடையில் குடை விரிந்தால் வெளியே வர வேண்டும், விரியாவிட்டால் வேலையைப் பார்க்க வேண்டும். இதுதான் அவர்கள் இரண்டு பேருக்கும் உள்ள ஏற்பாடு. இதற்காகத்தான் அவள் இந்த வேலைக்கே வந்தாள். அதற்கு முந்தின மூன்று வருஷம், பக்கத்தில் இருப்பவர்கள் வெளியேறுவதைப் பார்த்துத்தான் அவனும் வெளியேறிக்கொண்டிருந்தானாம்.

மேடையில் ஏறும்போது இரண்டாவது சங்கு. கீழே எல்லாரும் பள்ளத்தை விட்டு வெளியேறியிருந்தார்கள். அண்ணன் மட்டும் ஒரு கல் விளிம்புக்கு அடியில் குனிந்து கம்பிச் சக்கரத்தை முடுக்கிக்கொண்டிருந்தான். அவன் முதுகுதான் எங்களுக்குத் தெரிந்தது. எதிர்ப்பக்கம் பொக்லைன் அருகில் நின்ற மேஸ்திரிக்கு அதுவும் தெரியாது. அண்ணி குடையை விரித்து ஆட்டினாள். அவன் நிமிரவில்லை. நான் “அண்ணே! அண்ணே!” என்று தொண்டை கிழியக் கத்தினேன். கத்தி என்ன பயன்? பொக்லைன் உறுமலில் மேஸ்திரிக்கும் கேட்கவில்லை.

அண்ணி விரித்த குடையை அப்படியே பள்ளத்துக்குள் வீசினாள்.

அது தடுமாறிச் சுழன்று கீழே இறங்கியது. அவ்வளவு வெள்ளைக் கல்லுக்கு நடுவில் அந்தச் சிவப்பு யார் கண்ணில்தான் படாது? மேஸ்திரி இரண்டு கையையும் தூக்கினார். பொக்லைன் நின்றது. மூன்றாவது சங்கு ஊதவில்லை.

குடை உடைசல் மெத்தை மேல் வந்து விழுந்தபோதுதான் அண்ணன் தலையைத் திருப்பினான். குடையைப் பார்த்தான், மேடையைப் பார்த்தான், வெறிச்சோடிக் கிடந்த பள்ளத்தைப் பார்த்தான். மெதுவாக நடந்து போய் அதை எடுத்து மடக்கினான். அதற்குள் மேஸ்திரி அவன் முதுகுக்குப் பின்னால் இறங்கி வந்திருந்தார். “கம்பிக்காரரே!” என்று கூப்பிட்டார். இரண்டாவது தடவை கூப்பிட்டார். பிறகு அவன் காதருகில் ஓங்கிக் கை தட்டினார். அண்ணன் குடையின் மண்ணைத் தட்டிக்கொண்டிருந்தான். குவாரி முழுக்க நின்று பார்த்தது. அவன் உயிரோடு நிற்கிறானே என்று சந்தோஷப்படுவதா, அவன் மானம் போகிறதே என்று அழுவதா? நான் அழத்தான் செய்தேன்.

நாங்கள் வீட்டுக்குத் திரும்பியபோது அந்தப் பதினோரு பேரும் சட்டியை வழித்து வைத்திருந்தார்கள். வாத்தியார் கொட்டிய மாவைக் கூட்டி அள்ளிக்கொண்டிருந்தார். “கல் விழறது எப்போம்மா?” என்று கேட்டார். நான் அவர் கையிலிருந்து துடைப்பத்தை வாங்கிக்கொண்டேன்.

அண்ணனைக் கேட்டுக்கு மாற்றினார்கள். வருகிற லாரிக்குச் சங்கிலியைத் தூக்கி விடுகிற வேலை. பள்ளத்திலிருந்து வெளியேற்றிவிடுவார்கள் என்று பயந்துதான் எட்டு வருஷம் மறைத்தானாம். பத்து நாள் என்னோடு பேசவில்லை. பதினோராவது நாள் அவன் முன்னால் போய் உட்கார்ந்து, வாயை நன்றாக அசைத்து, “அண்ணே, தப்பு என் மேலதான். குடையை ஒளிச்சு வச்சது நான்” என்றேன். என் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். “நீ ஒளிச்சு வச்சது ஒரு நாள்தானே” என்றான்.

அண்ணி வேலையை விடவில்லை. போன வாரம் ஒரு நாள் கூட்டம் வரவில்லை. பகலில் அடுப்படிப் பக்கம் வந்தவளைக் கையைப் பிடித்து உட்கார வைத்து, தட்டில் ரொட்டியும் குழம்பும் போட்டேன். ஒரு துண்டைப் பிய்த்தாள். அப்போது சங்கு ஊதியது. சட்டென்று பாதி எழுந்துவிட்டாள். கை கதவோரம் குடையைத் தேடியது.

“உக்காருங்க அண்ணி. அண்ணன் கேட்டுல இருக்கான்.”

உட்கார்ந்தாள். இரண்டாவது சங்கு ஊதியது. பிய்த்த துண்டு கையிலேயே இருந்தது. மூன்றாவதும் ஊதியது. தூரத்தில் கல் விழுந்து தரை அதிர்ந்து அடங்கிய பிறகுதான் அதை வாயில் போட்டாள்.

மென்றாள். முகம் கோணியது. “என்னம்மா இவ்வளவு உப்பு? இதையா அஞ்சு வருஷமா ஊருக்கெல்லாம் போட்ட?”

எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் வந்தது. “நீங்க ஒரு நாளாவது உக்காந்து சாப்பிட்டிருந்தா...” என்று ஆரம்பித்தேன். பாதியில் நிறுத்திவிட்டு, டம்ளரில் தண்ணீர் ஊற்றி வைத்தேன். அவள் தண்ணீரைக் குடித்துவிட்டு, அடுத்த துண்டைக் குழம்பில் தோய்த்தாள்.